நான் பின்னாத கீற்றுகள்

தீர்ப்பு நகலை என் வீட்டுக்காரர் வாய்விட்டுப் படித்து முடித்த புதன்கிழமை காலை ஒன்பதே முக்கால் மணிக்கு, கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்த நாள் முதல் என் கையால் பின்னிய தென்னங்கீற்றுகள் எல்லாம், எங்கள் வீட்டுக் கூரையிலிருந்து ஆரம்பித்து, ஓலை ஓலையாகப் பிரிந்துகொண்டன. காற்று அடிக்கவில்லை. பந்தியில் சாப்பிட்டு முடித்தவர்கள் ஒருத்தரை ஒருத்தர் பார்த்து எழுந்திருப்பது மாதிரி, ஒரு ஓலை பக்கத்து ஓலையின் மேலிருந்து எழுந்தது, அடுத்தது அதன் அடியிலிருந்து நழுவியது, அப்புறம் எல்லாமே மரத்தில் இருந்தபோது எப்படித் தொங்கினவோ அப்படி நேராகத் தொங்கின. கூரை மேய்ந்த ஆள் கட்டிய கயிறு அவிழவில்லை, மூங்கில் நகரவில்லை, நான் பின்னிய பின்னல் மட்டும்தான் போனது. தூளியில் கிடந்த என் மகள் யாழினி முகத்தில் வெயில் பட்டு விழித்து, வானத்தைப் பார்த்துச் சிரித்தாள்.

என் வீட்டுக்காரர் வீரையன் தலையை நிமிர்த்திப் பார்த்துவிட்டு, பேப்பரை மடித்தார்.

"கடைசி பாராவை இன்னொரு தரம் படிக்கவா?" என்றார்.

"வேணாங்க" என்றேன்.

கடைசி பாராவில் இப்படி இருந்தது: 'மனுதாரர் எந்தத் தொழிலும் செய்துவந்ததாக நிரூபிக்கப்படவில்லை. வீட்டில் சும்மா இருப்பதாக அவரே தமது சாட்சியத்தில் கூறியுள்ளார். ஆகவே விபத்தினால் அவருக்கு வருமான இழப்பு எதுவும் ஏற்படவில்லை.' ஆஸ்பத்திரி ரசீதுக்கு இவ்வளவு, வலிக்கு இவ்வளவு என்று கொடுத்திருந்தார்கள். கைக்கு ஒன்றும் இல்லை.

கை போனது இரண்டு வருசத்துக்கு முன்னால். குளத்தில் ஊறப்போட்டிருந்த மட்டைகளைக் கட்டாகக் கட்டித் தலையில் வைத்து, தண்ணீர் சொட்டச் சொட்ட ரோட்டோரமாக வந்துகொண்டிருந்தேன். யாழினி பிறந்து மூன்று மாசம். பால் கட்டிக்கொண்டு மார் வலித்தது, அதனால் வேகமாகத்தான் நடந்தேன். போன் பேசிக்கொண்டே வந்த லாரிக்காரன் ரோட்டை விட்டு இறங்கி இடித்தான். கீழே விழுந்த என் வலது கைமேல் முன்சக்கரம் ஏறி நின்றது. அவன் வண்டியைப் பின்னால் எடுக்கும்வரை நான் மட்டைக்கட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், காய்ந்துவிட்டால் பின்ன வராதே என்று. இப்போது அந்தக் கையில் தகடு இருக்கிறது, ஐந்து விரலும் இருக்கின்றன, ஒன்றும் மடங்காது. தகட்டை எடுத்துவிட்டு நரம்பை இழுத்துத் தைத்தால் மடங்கும், ஆனால் இன்னும் ஒரு வருசத்துக்குள் செய்யாவிட்டால் விரல்கள் கட்டையாக இறுகிவிடும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதற்குத்தான் அந்தப் பணம். என் பிள்ளையை நான் இரண்டு கையாலும் தூக்கியது மொத்தம் மூன்றே மாசம்.

தப்பு என்மேலும் இருக்கிறது. கோர்ட்டில் கூண்டில் ஏற்றி, லாரியின் இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல், நல்ல மனுசன் மாதிரி சிரித்துக்கொண்டே, "என்னம்மா வேலை பாக்குறீங்க?" என்று கேட்டார். அத்தனை ஆம்பிளைகள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு வேர்த்துவிட்டது. எங்கள் ஊரில் கேட்டால் எல்லாரும் என்ன சொல்லுவோமோ அதைத்தான் சொன்னேன்: "வேலை ஒண்ணுமில்லீங்க. வீட்டுல சும்மாதான் இருக்கேன்." சொல்லும்போதே என் வக்கீல் ஜெசிந்தாம்மா நெற்றியில் கை வைத்துக்கொண்டதைப் பார்த்தேன். அதற்குள் டைப் அடிக்கும் அம்மா அடித்துவிட்டார்.

ஒன்பது வருசமாக என்னிடம் கீற்று வாங்கிய வியாபாரி உத்திராபதியைச் சாட்சிக்குக் கூப்பிட்டிருந்தோம். வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு வந்து, "நான் யாரையும் வேலைக்கு வச்சுக்கிறது இல்லீங்கய்யா. ஊருப் பொம்பளைங்க பொழுதுபோகாம பின்னுறாங்க, பாவமேன்னு நான் வாங்கிக்கிறேன்" என்றார். எத்தனை பேர் பின்னுகிறார்கள் என்று யாராவது எண்ண ஆரம்பித்துவிட்டால், அத்தனை பேரும் அவருடைய கூலியாட்கள் என்று ஆகி அவருக்குத் தொல்லை. அவர் சொன்னதையும் டைப் அடித்தார்கள்.

இதையெல்லாம் ஓலைகள் கேட்டுக்கொண்டிருந்திருக்கின்றன போலிருக்கிறது. எவளும் எங்களைப் பின்னவே இல்லையென்றால் நாங்கள் மட்டும் ஏன் பின்னிக்கொண்டு கிடக்க வேண்டும் என்று அவைகளுக்குத் தோன்றியிருக்கும். எனக்குத் தோன்றாதது ஓலைக்குத் தோன்றியது.

பத்து மணிக்கெல்லாம் தெருவில் வெயிலைத் திட்டும் சத்தம் கேட்டது. மேலத்தெருவில் பதினோரு வீடு, கீழத்தெருவில் ஏழு, டீக்கடை, அங்கன்வாடி முன்சாய்ப்பு, மாரியம்மன் கோயில் சமையல் கொட்டகை, மீன் ஏலம் போடும் இடம், மூன்று மாட்டுக் கொட்டில், எல்லாம் திறந்துகொண்டன. பக்கத்து ஊரில் அந்த நேரத்தில் ஒரு கல்யாணம், தாலி கட்டும்போது பந்தல் பிரிந்து முந்நூறு பேர் தலையிலும் வெயில் இறங்கியது, ஐயர் மந்திரத்தை நிறுத்தவில்லை, மாப்பிள்ளை மட்டும் முடிச்சைப் போட்டுவிட்டுக் கண்ணுக்குமேல் கையை வைத்துக்கொண்டாராம். கடற்கரையில் வெளியூர்க்காரர்களுக்கு வாடகைக்கு விடும் குடில்களும் பிரிந்தன. அங்கே தங்கியிருந்தவர்கள் படுத்துக்கொண்டே வானம் பார்ப்பது நன்றாக இருக்கிறது என்று சொன்னதால், குடில்காரர் வாடகையை ஏற்றிவிட்டார்.

ஒரே ஊரில் ஒரு வீடு திறந்தும் பக்கத்து வீடு மூடியும் இருப்பது ஏன் என்று முதலில் யாருக்கும் விளங்கவில்லை. செண்பகவல்லி அக்காதான் கண்டுபிடித்தார். அடுத்த வீட்டுக்காரர், நானும் அவரும் ஒரே குளத்தில் மட்டை ஊறப்போட்டு எதிரெதிராக உட்கார்ந்து பின்னியவர்கள். டீக்கடைக் கூரையில் பாதி பிரிந்து பாதி அப்படியே இருந்தது. அக்கா இடுப்பில் கை வைத்து அண்ணாந்து பார்த்தார்.

"அந்த ஓரம் நான் பின்னுனது, நிக்குது. இந்தப் பக்கம் பூரா இளஞ்சியம் பின்னுனது. ஏண்டா, அவ கையி போனப்பவே தெரியலையா ஒங்களுக்கு, யாரு நிழல்ல ஒக்காந்து டீ குடிச்சீங்கன்னு?"

டீக்கடைக்காரர் பாய்லரை நிழல் இருந்த பாதிக்கு நகர்த்தினார்.

அப்புறம் ஊர் பழகிக்கொண்டது. பழகாமல் என்ன செய்யும். பிரிந்த ஓலையை எடுத்து மற்றப் பெண்கள் திரும்பப் பின்னிப் பார்த்தார்கள், பின்னிய கை எடுத்ததும் அது மறுபடி பிரிந்தது. புது மட்டை அத்தனை கூரைக்கும் போதவில்லை. நீலத் தார்ப்பாய் வாங்கிப் போட்டார்கள், அதனால் எல்லாருடைய முகமும் வீட்டுக்குள் நீலமாகத் தெரிந்தது. தார்ப்பாய் வாங்க முடியாதவர்கள் குடை பிடித்துச் சமைத்தார்கள். அங்கன்வாடி டீச்சர் வெயில் நகர நகரப் பிள்ளைகளையும் நகர்த்தி, அதையே மணி பார்க்கச் சொல்லிக்கொடுக்கும் பாடமாக ஆக்கிக்கொண்டார். கோழிகள் கூரை வழியாகப் போய்வந்தன. எங்கள் வீட்டில் காயப்போட்ட வத்தல் வீட்டுக்குள்ளேயே காய்ந்தது.

மூன்றாம் நாள் கோயில் வாசலில் கூட்டம் போட்டார்கள். என்னைக் கூப்பிட்டார்கள். நான் போய்க் கடைசியில், செண்பகவல்லி அக்கா முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்தேன். ஓலையைச் சமாதானம் பண்ணுவது என் பொறுப்பு என்றார் ஒருத்தர். கேஸை விட்டுவிட்டால் ஓலைக்குக் கோபம் தணியும் என்றார் இன்னொருத்தர். தார்ப்பாய்க் காசை நான் தரவேண்டும் என்றும் ஒரு குரல் கேட்டது. அக்கா எழுந்தார்.

"அவ கையி லாரிக்கு அடியில போனப்ப ஒருத்தன் கூட்டம் போடல. ஒங்க தலையில வெயிலு பட்டதும் பாயை விரிச்சு ஒக்காந்துட்டீங்களே! வெக்கமா இல்ல?"

"வல்லி, பொம்பள மாதிரிப் பேசு" என்றார் ஊர்த் தலைவர்.

"பொம்பள மாதிரிதாண்ணே பேசுறேன். இல்லன்னா இந்நேரம் ஓலை மாதிரிப் பேசியிருப்பேன்."

சிரித்தார்கள். சிரித்துவிட்டு, கூரை வேண்டுமானால் கேஸ் ஜெயிக்க வேண்டும், அதற்கு மேல்கோர்ட்டுக்குப் போகவேண்டும் என்று, ஏதோ அவர்களாகவே யோசித்தது மாதிரி முடிவு பண்ணினார்கள். என் கைக்காக அல்ல, கூரைக்காக. பரவாயில்லை என்று எடுத்துக்கொண்டேன்.

அதற்கப்புறம் ஊரில் ஒரு பயம் வந்தது. பெண்கள் யாரும் 'சும்மா இருக்கேன்' என்று சொல்வதில்லை. எங்கே எவன் எழுதிக்கொண்டு போய்விடுவானோ, எது பிரிந்து விழுமோ என்று. மகளிர் குழுவுக்குக் கடன் கொடுக்க வந்த பாங்க் ஆபீசர் "என்ன தொழில்?" என்று கேட்டதற்கு, செண்பகவல்லி அக்கா விடியலில் சாணி அள்ளுவதிலிருந்து ஆரம்பித்தார். அவர் மத்தியானச் சாப்பாட்டைத் தாண்டவில்லை, ஆபீசர் படிவத்தில் இடம் தீர்ந்துபோய்ப் பின்பக்கம் திருப்பினார். அவருக்குப் பின்னால் இருபத்திரண்டு பேர் வரிசையில் நின்றார்கள்.

உத்திராபதி வந்தார். குடோனில் பந்தலுக்கென்று அடுக்கிவைத்திருந்த என் பழைய கீற்றெல்லாம் பிரிந்துவிட்டது, வைகாசித் திருவிழாவுக்குப் பந்தல் ஒப்புக்கொண்டிருந்தார்.

"தங்கச்சி, ஏதோ ஒரு தொகை தர்றேன். ஓலைகிட்ட ஒரு வார்த்தை சொல்லு."

நான் அவர் வேட்டிக்கரையைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். "நீங்க கோர்ட்டுல ஒரு வார்த்தை சொல்லுங்கண்ணே."

"நான் அங்க வந்து சொன்னா, இன்னும் எத்தனை பேருன்னு கேப்பானே தங்கச்சி!"

"கேக்கட்டும்."

அது என் வாயிலிருந்துதான் வந்ததா என்று அவரும் பார்த்தார், நானும் பார்த்தேன்.

ஜெசிந்தாம்மா மேல்கோர்ட்டில் அப்பீல் போட்டார். இன்சூரன்ஸ் கம்பெனி ஓர் ஆளை அனுப்பியது. அவர் ஊர் முழுக்கப் படம் எடுத்து, 'சூறைக்காற்றினால் கூரைகள் சேதம், இயற்கைச் சீற்றம்' என்று எழுதிக்கொண்டு போனார். செண்பகவல்லி அக்கா பின்கொசுவத்தைச் செருகிக்கொண்டு அவர் பின்னாலேயே போய், "காத்து ஆளு பாத்து அடிக்குமா சார்? என் கீத்தை விட்டுட்டு அவ கீத்தை மட்டும் பிரிக்குமா?" என்று கேட்டார். அதை அவர் தன் பேப்பரில் எழுதவில்லை.

எட்டு மாசம் போனது. கையில் சுண்டுவிரல் முதலில் இறுகியது. தினமும் காலையில் வெந்நீரில் வைத்து, இடது கையால் ஒவ்வொரு விரலாக மடக்கிப் பார்ப்பேன். யாழினி பக்கத்தில் உட்கார்ந்து தன் விரலை மடக்கிக் காட்டுவாள், "இப்டிம்மா, இப்டி" என்று, எனக்குத் தெரியவில்லை என்று நினைத்துக்கொண்டு.

மனுதாரர் என்ன வேலை செய்தார் என்பதைத் திரும்ப விசாரித்து எழுதச் சொல்லி மேல்கோர்ட்டு எங்கள் டவுன் கோர்ட்டுக்கு உத்தரவு போட்டது. நாங்கள் போனோம். கோர்ட்டு வாசலில் வழக்குக்கு வந்தவர்கள் உட்காரும் கொட்டகையில் ஓலையெல்லாம் நேராகத் தொங்கியது. அதுவும் நான் பின்னியதுதான். தீர்ப்பு படித்த அன்றைக்கே பிரிந்திருக்கிறது. ரிப்பேர் செய்யச் சொல்லி ஆபீசுக்கு இரண்டு தரம் எழுதியிருந்தார்களாம். என் கேஸுக்குத் தீர்ப்பு எழுதிய இடத்திலேயே எட்டு மாசமாக சனங்கள் வெயிலில் நின்றுகொண்டிருந்தார்கள்.

அதே கூண்டு. அதே வக்கீல். அதே சிரிப்பு. புது நீதிபதி, கண்ணாடி போட்ட அம்மா.

"போன தடவை இதே எடத்துல நின்னு, சும்மா இருக்கேன்னு சொன்னீங்களா இல்லியாம்மா?"

"சொன்னேன்."

"அப்ப இப்ப பின்னுறேன்னு சொல்றது பொய்."

"இல்லீங்க. அப்ப சொன்னதுதான் பொய்."

கோர்ட்டில் யாரோ இருமினார்கள்.

"சத்தியம் பண்ணிட்டு ஏம்மா பொய் சொன்னீங்க?"

கூண்டுக் கட்டையை இடது கையால் பிடித்துக்கொண்டேன். "எங்க ஊருல பொம்பளைங்க எல்லாரும் அப்படித்தாங்க சொல்லுவோம். வேலை செய்யிறேன்னு சொன்னா திமிருன்னுவாங்க. எங்க அம்மா அப்படித்தான் சொல்லும், மாமியா அப்படித்தான் சொல்லும். நாலு மணிக்கு எந்திரிச்சு வாசத் தெளிச்சு, சோறாக்கி வச்சுட்டு, இடுப்புத் தண்ணியில நின்னு மட்டை எடுத்து, வெயில் ஏறுறதுக்குள்ள முப்பது கீத்து, பிள்ளைக்குப் பால் குடுத்துக்கிட்டே பத்து, மத்தியானம் எல்லாரும் தூங்குறப்ப முப்பது, ஓலை கிழிச்சு ரத்தம் வந்தா சேலையில தொடச்சுக்கிட்டு, மாசமா இருந்தப்ப ஒம்பதாம் மாசம் வரைக்கும் பின்னிட்டு, யாராச்சும் கேட்டா சும்மா இருக்கேன்னு சொல்லுவோம். இனிமே சொல்ல மாட்டோம். நீங்க வெளிய வாங்க சார், அந்தக் கொட்டகையைப் பாருங்க, அதுல மொகட்டுல எத்தனை கீத்துன்னு நான் இங்கேருந்தே சொல்றேன்."

இவ்வளவும் நான் பேசினேன். வீரையன் வாயைத் திறந்தபடி நின்றார். நீதிபதி அம்மா, "எழுதுங்க" என்றார். டைப் அடிக்கும் சத்தம் கேட்டது. சன்னல் வழியாகப் பார்த்தேன். ஓலை அசையவில்லை.

உத்திராபதியைக் கூப்பிட்டார்கள். அவர் கூண்டில் ஏறி என்னைப் பார்க்காமல், "பாத்திருக்கேங்க, அந்தப் பொண்ணை" என்றார். நீதிபதி அம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் காத்திருந்தார். உத்திராபதி சன்னலைப் பார்த்தார். வெயிலில் ஒரு பெரியவர் வேட்டியைத் தலையில் போட்டுக்கொண்டு நின்றார். திருவிழாவுக்கு ஆறு நாள் இருந்தது.

"பின்னுனா" என்றார். "எனக்குத்தான் பின்னுனா. ஒன்பது வருசம். மொகட்டுக்கு அவ கீத்தைத் தவிர வேற எவ கீத்தையும் நான் போட்டதில்ல. அவ மட்டும் இல்ல. இன்னும் நாப்பது பேரு பின்னுறாங்க."

அதை டைப் அடித்தார்கள். கடைசிப் புள்ளி வைத்த சத்தம் கேட்டதும், வெளியே ஓர் ஓலை எழுந்து பக்கத்து ஓலையின்மேல் படுத்தது, அடுத்தது அடியில் நுழைந்தது. ஒன்றின்பின் ஒன்றாகக் கொட்டகை மூடிக்கொண்டு வந்தது, நிழல் ஒரு பாயை விரிப்பது மாதிரி தரையில் விரிந்து வந்தது. பெரியவர் தலையிலிருந்து வேட்டியை எடுத்து உதறித் தோளில் போட்டுக்கொண்டார். கோர்ட்டு டவாலி அடுத்த கேஸைக் கூப்பிட்டார்.

மேல்கோர்ட்டுத் தீர்ப்பில் கூலிக்காரப் பெண் என்று எழுதி, கைக்குப் பணம் கூட்டிக் கொடுத்தார்கள். ஆபரேசன் நடந்தது. மூன்று விரல் மடங்குகிறது. இரண்டு மடங்காது, எட்டு மாசம் முந்தியிருந்தால் மடங்கியிருக்கும் என்றார் டாக்டர். எவரிடம் போய்க் கேட்பது அந்த எட்டு மாசத்தை?

ஊரில் எல்லாக் கூரையும் மூடிக்கொண்டன. டீக்கடை, அங்கன்வாடி, கோயில் கொட்டகை, எல்லாம். எங்கள் வீடு மட்டும் மூடவில்லை.

"ஏன்டி, ஒங்க வூட்டுக்கு மட்டும் என்ன?" என்றார் செண்பகவல்லி அக்கா.

ஜெசிந்தாம்மா தீர்ப்பை முழுசாகப் படித்துப் பார்த்து, ஏழாவது பக்கத்தில் கண்டுபிடித்தார். 'மனுதாரர் தமது குடும்பத்திற்காகச் செய்துவந்த வேலைகளுக்கு ஊதியம் ஏதும் பெறாததால் அவை கணக்கில் எடுத்துக்கொள்ளப்படவில்லை.' எங்கள் வீட்டுக் கூரையை நான் உத்திராபதிக்குப் பின்னவில்லை, எங்களுக்குப் பின்னினேன். அதை யாரும் எழுதவில்லை.

உத்திராபதி தகரம் அனுப்பினார். நான் திருப்பி அனுப்பிவிட்டேன். வீரையன் தார்ப்பாய் போட்டார், நான் இறக்கச் சொன்னேன். "அது ஆதாரம்ங்க. அப்படியே கெடக்கட்டும்." ஜெசிந்தாம்மா மறுபடி மனுப் போட்டார். வீட்டைப் பார்த்து அறிக்கை எழுத கோர்ட்டிலிருந்து ஒரு கமிசனரை நியமித்தார்கள்.

நேற்று அவர் வந்தார். இளவயசு வக்கீல், புதுச் செருப்பு, கையில் பைல். தூறல் போட்டுக்கொண்டிருந்தது, வீட்டுக்கு உள்ளேயும்தான். அண்ணாந்து பார்த்தார், மேகம் தெரிந்தது. அடுப்பைப் பார்த்தார், அடுப்புக்கு மேலே நான் கட்டியிருந்த சாக்கைப் பார்த்தார், என் இடுப்பில் இருந்த யாழினியைப் பார்த்தார். பேனாவை எடுத்துக்கொண்டு, "அம்மா, நீங்க இந்த வீட்டுல என்ன வேலை செய்யிறீங்க?" என்று கேட்டார்.

நான் பிள்ளையை இறக்கிவிட்டு, முக்காலியைத் துடைத்து நனையாத மூலையில் போட்டேன். மடங்குகிற மூன்று விரலால் குடையைப் பிடித்து அவர் காகிதத்துக்கு மேலே நீட்டினேன்.

"ஒக்காருங்க சார்" என்றேன். "நேரமாகும்."